ஈரானின் பழமைவாத அமைச்சர் ஒருவரின் அரசியல் வாழ்க்கையை ஆராய்ந்து எழுதுவது எப்படி?

ஈரானில் ஒருவர் ஐந்து ஆண்டுகளுக்கு மேல் வெளியுறவு அமைச்சராக இருந்தார் என்ற ஒரே காரணத்துக்காக, அந்தக் காலத்தில் ஈரானின் வெளியுறவை அவரே நடத்தினார் என்று எழுதிவிட முடியாது. அமைச்சர் பதவி பறிபோனதால் அவருடைய அரசியல் முடிந்துவிட்டது என்றும் எழுதிவிட முடியாது. பிரதமர், அமைச்சரவை, நாடாளுமன்றம் என்ற வழக்கமான வரிசையில் அரசியலைப் படித்துப் பழகியவர்கள் ஈரான் அமைச்சர் ஒருவரைப் பற்றி எழுத உட்காரும்போது முதலில் இடறுவது இந்த இடத்தில்தான். அவரைக் 'கடும்போக்காளர்' என்று ஒரே சொல்லில் அடக்கிவிட்டுப் பதவிகளை ஆண்டு வரிசையில் அடுக்கினால், படிப்பவருக்குப் பெயர்களும் தேதிகளும் கிடைக்கும். அந்த மனிதர் எதைச் செய்தார், எதைச் செய்ய அவருக்கு இடம் இருந்தது என்பது கிடைக்காது.

வாழ்க்கைக் குறிப்பு எழுதும் மாணவர்கள், இதழாளர்கள், கலைக்களஞ்சியத்துக்குக் கட்டுரை தருபவர்கள் ஆகியோரை மனத்தில் கொண்டு இந்த வழிமுறையைத் தருகிறேன். எடுத்துக்காட்டாகப் பெரும்பாலும் மனூச்சேர் மொத்தகியையே எடுத்துக்கொள்கிறேன். 2005 முதல் 2010 வரை ஜனாதிபதி மஹ்மூத் அஹமதிநிஜாத்தின் வெளியுறவு அமைச்சராக இருந்தவர் இவர். நாடாளுமன்றம், தூதரகம், அமைச்சகம், திடீர்ப் பதவிநீக்கம் என்று ஈரான் அரசியலின் பல வாசல்கள் வழியாக அவர் சென்று வந்திருப்பதால் பயிற்சிக்கு ஏற்றவர். தேவைப்படும் இடங்களில் வேறு சில பழமைவாதிகளையும் அருகில் வைத்துப் பார்க்கலாம்.

தொடங்கும் முன் நான்கு கேள்விகள்

ஒரு தாளை எடுத்து, அவர் வகித்த பதவிகளை இடப்பக்கம் எழுதிக்கொள்ளுங்கள். ஒவ்வொரு பதவிக்கும் எதிரே நான்கு கேள்விகளுக்கான இடம் விடுங்கள். அந்தப் பதவியை அவருக்குக் கொடுத்தவர் யார்? யாருடைய ஒப்புதல் தேவைப்பட்டது? அந்த ஆண்டுகளில் உண்மையில் எந்தப் பொறுப்பு அவர் கையில் இருந்தது? பதவி எப்படி முடிந்தது? கட்டுரையின் சதை முழுவதும் இந்த நான்கு பதில்களிலிருந்துதான் வரும். பிறந்த ஊர், படிப்பு, குடும்பம் ஆகியவற்றைத் தனியே ஒரு பத்தியில் சொல்லிக்கொள்ளலாம்.

முதல் இரண்டு கேள்விகளுக்குப் பதில் எழுத, ஈரானின் அரசமைப்பைக் குறைந்தபட்ச அளவிலாவது தெரிந்துகொள்ள வேண்டும். 1979ஆம் ஆண்டுப் புரட்சிக்குப் பின் வந்த அரசமைப்பு 1989இல் திருத்தப்பட்டது. அப்போது பிரதமர் பதவி ஒழிக்கப்பட்டு, அமைச்சரவைக்கு ஜனாதிபதியே நேரடித் தலைவரானார். ஆகவே 1981 முதல் 1989 வரை அமைச்சராக இருந்தவரைப் பற்றி எழுதும்போது, அவர் பிரதமர் மீர் ஹுசைன் மூசவியின் அமைச்சரவையில் எந்தப் பக்கம் நின்றார் என்று பார்க்க வேண்டும். 1989க்குப் பின் வந்தவர் என்றால் ஜனாதிபதியோடும் மஜ்லிஸ் என்னும் நாடாளுமன்றத்தோடும் அவருக்கு இருந்த உறவைப் பார்க்க வேண்டும். ஜனாதிபதி அமைச்சர்களை முன்மொழிகிறார். மஜ்லிஸ் ஒவ்வொருவருக்கும் நம்பிக்கை வாக்கு அளித்தாக வேண்டும். பத்து உறுப்பினர்கள் சேர்ந்தால் ஓர் அமைச்சரைப் பதவிநீக்க விசாரணைக்கு இழுக்கலாம். அமைச்சரை நீக்கும் அதிகாரம் ஜனாதிபதிக்கும் உண்டு. ஆனால் அமைச்சரவையில் பாதிப் பேர் மாறிவிட்டால் முழு அமைச்சரவைக்கும் மீண்டும் நம்பிக்கை வாக்குக் கோர வேண்டும் என்று அரசமைப்பின் 136ஆம் பிரிவு சொல்கிறது. இந்தப் பிரிவைக் குறித்து வைத்துக்கொள்ளுங்கள். அஹமதிநிஜாத் காலத்து அமைச்சர்களை ஆராயும்போது இது திரும்பத் திரும்பக் கைகொடுக்கும்.

இவர்கள் அனைவருக்கும் மேலே உச்ச தலைவர் இருக்கிறார். 1989 ஜூனில் அயதுல்லா கொமேனி மறைந்தபின் அயதுல்லா அலி கமேனி அந்த இடத்துக்கு வந்தார். நீதித்துறைத் தலைவர், அரசு வானொலி தொலைக்காட்சி நிறுவனத்தின் தலைவர், புரட்சிகரக் காவல் படையின் தளபதி ஆகியோரை நியமிப்பவர் உச்ச தலைவர். வெளியுறவு, உளவுத்துறை, பாதுகாப்பு போன்ற அமைச்சகங்களுக்கு ஜனாதிபதி பெயர் சொல்வதற்கு முன் அவருடைய இசைவைப் பெறுவது நடைமுறையாகிவிட்டது; இது சட்டத்தில் எழுதப்படாதது என்பதையும் கட்டுரையில் சொல்லிவிட வேண்டும். பன்னிருவர் கொண்ட பாதுகாவலர் சபையில் ஆறு சமய அறிஞர்களை உச்ச தலைவரே நியமிக்கிறார்; மற்ற ஆறு சட்ட வல்லுநர்கள், நீதித்துறைத் தலைவர் தரும் பெயர்களிலிருந்து மஜ்லிஸால் தேர்ந்தெடுக்கப்படுகிறார்கள். தேர்தலில் யார் நிற்கலாம் என்று முடிவு செய்வது இந்தச் சபை.

தேதிகளைச் சரிசெய்தல்

பாரசீக மொழி ஆவணங்களில் ஆண்டுகள் சூரிய ஹிஜ்ரி கணக்கில் இருக்கும். புத்தாண்டான நவ்ரூஸ் மார்ச் 20 அல்லது 21ஆம் தேதி வருகிறது. அந்த நாள் முதல் டிசம்பர் இறுதிவரை உள்ள கிறித்தவ ஆண்டிலிருந்து 621ஐக் கழித்தால் ஈரானிய ஆண்டு கிடைக்கும். ஜனவரி முதல் நவ்ரூஸ் வரை 622ஐக் கழிக்க வேண்டும். மொத்தகி நீக்கப்பட்ட 2010 டிசம்பர் 13ஆம் தேதி, ஈரானில் 1389ஆம் ஆண்டு ஆசர் மாதம் 22ஆம் நாள். அவருக்குப் பின் வந்த அலி அக்பர் சாலேஹிக்கு மஜ்லிஸ் ஒப்புதல் அளித்த 2011 ஜனவரி 30ஆம் தேதியும் அதே 1389ஆம் ஆண்டுக்குள்தான், பஹ்மன் மாதம் 10ஆம் நாளில், வருகிறது. '1389இல் அமைச்சரானார்' என்று ஒரு பாரசீகக் குறிப்பு சொன்னால் அது 2010ஆ 2011ஆ என்பது மாதத்தைப் பார்த்தால்தான் தெரியும். இணையத்தில் பரவிக் கிடக்கும் ஓராண்டுப் பிழைகள் பல இங்கிருந்து பிறந்தவை.

பதவிப் பட்டியலை உயிரோடு எழுதுதல்

மொத்தகி 1953இல், காஸ்பியன் கடலோரத்தில் உள்ள பந்தரே கஸ் என்னும் ஊரில் பிறந்தார். பெங்களூர்ப் பல்கலைக்கழகத்தில் பட்டம் பெற்றார். பின்னர் தெஹ்ரான் பல்கலைக்கழகத்தில் சர்வதேச உறவுகளில் முதுகலை படித்தார். 1980இல் கூடிய முதல் மஜ்லிஸில் தம் பகுதியின் உறுப்பினராக இருந்தார். 1985 முதல் 1989 வரை துருக்கியில் தூதர். பிறகு வெளியுறவுத் துணை அமைச்சர். 1990களின் பிற்பகுதியில் ஜப்பானில் தூதர். 2004இல் ஏழாவது மஜ்லிஸுக்குத் தெஹ்ரானிலிருந்து தேர்வானார். 2005 ஆகஸ்டில் வெளியுறவு அமைச்சரானார்.

இந்தப் பட்டியல் சரியானதுதான். இருந்தாலும் இதை இப்படியே விட்டுவிட்டால் எதுவும் விளங்காது. இரண்டு இடங்களில் நின்று விரித்துச் சொல்ல வேண்டும்.

ஒன்று, 2004ஆம் ஆண்டுத் தேர்தல். அந்தத் தேர்தலுக்கு முன் பாதுகாவலர் சபை ஆயிரக்கணக்கான வேட்பாளர்களைத் தகுதிநீக்கம் செய்தது. அப்போது மஜ்லிஸில் உறுப்பினர்களாக இருந்தவர்களிலேயே எண்பதுக்கும் மேற்பட்டோர் அதில் அடங்குவர். சீர்திருத்தவாதிகளின் முன்னணிப் பெயர்கள் வாக்குச்சீட்டுக்கு வராமலேயே போயின. வாக்களித்தவர்களின் பங்கு நாடு முழுவதும் சுமார் 51 விழுக்காடு. 'பெரும் வெற்றி பெற்ற பழமைவாதிகளில் ஒருவராக மஜ்லிஸுக்குள் வந்தார்' என்று எழுதும் வரியோடு இந்தப் பின்னணியையும் அதே பத்தியில் சேர்த்துவிடுங்கள். பின்னணியைச் சொல்லாமல் வெற்றியை மட்டும் சொல்வது வாசகருக்குச் செய்யும் அநீதி.

இன்னொன்று, 2005ஆம் ஆண்டு ஜனாதிபதித் தேர்தல். அதில் மொத்தகி ஆதரித்தது அஹமதிநிஜாத்தை அன்று. அலி லாரிஜானியின் தேர்தல் பணிக்கு அவர் தலைமை தாங்கினார். லாரிஜானி முதல் சுற்றில் ஏழு பேரில் ஆறாவதாக வந்தார். அஹமதிநிஜாத் இரண்டாம் சுற்றில் முன்னாள் ஜனாதிபதி ரஃப்சஞ்சானியைத் தோற்கடித்தார். அதன்பின் லாரிஜானி உச்ச தேசியப் பாதுகாப்புக் குழுவின் செயலாளரானார். மொத்தகி வெளியுறவு அமைச்சரானார். போட்டி வேட்பாளரின் ஆள் எப்படி அஹமதிநிஜாத்தின் அமைச்சரவையின் முதன்மையான இருக்கையில் அமர்ந்தார் என்ற கேள்வியை எழுப்பிவிட்டால், அந்தப் பதவி ஜனாதிபதியின் விருப்பத்தால் மட்டும் நிரப்பப்படுவதில்லை என்பது வாசகருக்குத் தானாகவே புரியும். ஐந்தாண்டு கழித்து நடந்ததற்கும் விதை இங்கேதான் விழுந்திருக்கிறது.

உண்மையில் கையில் இருந்த பொறுப்பு

மூன்றாவது கேள்விக்கு நேரம் அதிகம் செலவிடுங்கள். மொத்தகியின் காலத்தில் உலகம் ஈரானிடம் பேசிய முதன்மையான செய்தி அணுத் திட்டம். அந்தப் பேச்சுவார்த்தை வெளியுறவு அமைச்சகத்தின் கையில் இருக்கவில்லை. உச்ச தேசியப் பாதுகாப்புக் குழுவின் செயலாளரிடம் இருந்தது. 2007 அக்டோபர் வரை லாரிஜானியும், அவர் விலகியபின் சயீத் ஜலீலியும் மேசையில் அமர்ந்தார்கள். அரசமைப்பின் 176ஆம் பிரிவின்படி அந்தக் குழுவுக்கு ஜனாதிபதி தலைவர். வெளியுறவு அமைச்சர் அதில் ஓர் உறுப்பினர். குழுவின் முடிவுகள் உச்ச தலைவர் உறுதி செய்தபின்தான் செல்லும். 2013இல் ஹசன் ரூஹானி ஜனாதிபதியானபோதுதான் அணுப் பேச்சு வெளியுறவு அமைச்சகத்துக்கு மாற்றப்பட்டது. ஆகவே 2006 டிசம்பரின் 1737ஆம் எண் தீர்மானம் தொடங்கி 2010 ஜூனின் 1929ஆம் எண் தீர்மானம் வரை ஐ.நா. பாதுகாப்புச் சபை விதித்த தடைகளை மொத்தகியின் தோல்வி என்று கணக்கில் எழுதுவதும், அவற்றை எதிர்கொண்ட உறுதியை அவருடைய சாதனை என்று எழுதுவதும் ஒரே பிழையின் இரண்டு பக்கங்கள்.

அதற்காக அவர் வெறும் கையெழுத்துக்காரர் என்று முடிவுகட்டிவிடவும் கூடாது. 2010 மே 17ஆம் தேதி தெஹ்ரானில் பிரேசில், துருக்கி, ஈரான் ஆகிய மூன்று நாடுகளும் ஓர் உடன்பாட்டை அறிவித்தன. ஈரான் தன்னிடமுள்ள குறைந்த அளவில் செறிவூட்டப்பட்ட யுரேனியத்தில் 1,200 கிலோவைத் துருக்கியில் வைப்பதும், அதற்கு ஈடாகத் தெஹ்ரான் ஆராய்ச்சி உலைக்கு எரிபொருள் பெறுவதும் அதன் சாரம். செல்சோ அமோரிம், அஹ்மத் தாவுதோக்லு, மொத்தகி ஆகிய மூன்று வெளியுறவு அமைச்சர்களும் கையெழுத்திட்டார்கள். மூன்று வாரம் கழித்து ஜூன் 9ஆம் தேதி பாதுகாப்புச் சபை தடைகளை நிறைவேற்றியபோது துருக்கியும் பிரேசிலும் எதிர்த்து வாக்களித்தன. லெபனான் வாக்களிக்காமல் இருந்தது. மற்றப் பன்னிரண்டு நாடுகள் ஆதரித்தன. துருக்கியில் நான்கு ஆண்டுகள் தூதராக இருந்த ஒருவரின் வாழ்க்கைக் குறிப்பில் இந்த நிகழ்ச்சிக்கு ஒரு முழுப் பத்தி தரலாம் என்பது என் கருத்து.

அமைச்சகமே முன்னின்று செய்தவற்றைத் தவறாமல் அவர் பெயரில் எழுதுங்கள். 2006 டிசம்பரில் யூத இனப்படுகொலையைக் கேள்விக்குள்ளாக்கும் மாநாடு ஒன்றை நடத்தியது வெளியுறவு அமைச்சகத்தின் ஆய்வு நிறுவனம். தொடக்க உரை ஆற்றியவர் மொத்தகி. வரலாற்றில் ஐயத்துக்கு இடமின்றி நிறுவப்பட்ட ஒரு கொடுமையை விவாதப் பொருளாக்கிய அந்த மாநாட்டை, ஜனாதிபதியின் பேச்சுகளின் நிழலில் மறைத்து, அமைச்சரின் கணக்கிலிருந்து விட்டுவிடும் குறிப்புகளை அங்கங்கே காணலாம். அப்படி விடுவது நேர்மையான எழுத்தாகாது.

பொறுப்பு எங்கே இருக்கிறது என்ற இந்தச் சிக்கல் பழமைவாதிகளுக்கு மட்டும் உரியதன்று. ரூஹானியின் வெளியுறவு அமைச்சர் முகம்மது ஜவாத் ஸரீஃப் பேசிய ஓர் ஒலிப்பதிவு 2021 ஏப்ரலில் வெளியானது. களத்தில் இருக்கும் படையின் தேவைகளுக்காக ராஜதந்திரம் பலியிடப்பட்டது என்ற வருத்தம் அதில் வெளிப்பட்டது. ஈரானின் அண்டை நாட்டு உறவுகளில் புரட்சிகரக் காவல் படையின் வெளிநாட்டு நடவடிக்கைகளுக்கான குத்ஸ் பிரிவுக்கு இருந்த இடத்தைச் சொல்ல, அமைச்சர் ஒருவரின் வாயிலிருந்தே வந்த இந்தச் சான்று போதும்.

பதவி முடிந்த விதம்

2010 டிசம்பர் 13ஆம் தேதி மொத்தகி அரசுமுறைப் பயணமாகச் செனகலில் இருந்தார். அப்போது அஹமதிநிஜாத் அவரை நீக்கினார். வெளியான கடிதம் அவருடைய பணிக்கு நன்றி சொன்னது, காரணம் சொல்லவில்லை. முன்பே அவருக்குத் தெரிவிக்கப்பட்டதாக அரசுத் தரப்பு பின்னர் கூறியது. மொத்தகி அதை மறுத்து, பயணத்தின் நடுவில் ஓர் அமைச்சரை நீக்குவது முறையற்ற செயல் என்று வெளிப்படையாகக் கண்டித்தார். புதியவருக்குப் பொறுப்பு ஒப்படைக்கும் நிகழ்ச்சிக்கும் அவர் வரவில்லை.

இப்படிப்பட்ட இடத்தில் காரணத்தை எப்படி எழுதுவது? கடிதத்தில் காரணம் இல்லாதபோது கட்டுரையாளர் ஒன்றைத் தேர்ந்தெடுத்து உறுதியாகச் சொல்லக் கூடாது. அதே ஆண்டில் நடந்தவற்றை நாள் வரிசையில் வைத்தால் போதும். ஆகஸ்டில் அஹமதிநிஜாத், வெளியுறவு அமைச்சகத்தோடு கலந்து பேசாமல், தமக்கு நெருங்கிய இஸ்ஃபந்தியார் ரஹீம் மஷாயி உள்ளிட்டோரைப் பல வட்டாரங்களுக்குத் தம் சிறப்புத் தூதர்களாக நியமித்தார். மொத்தகி எதிர்த்தார். அதே வேலையை இரண்டு இடங்களில் செய்யும் போக்கு வெளியுறவில் கூடாது என்று உச்ச தலைவரும் சொன்னபின், அந்தத் தூதர்கள் ஆலோசகர்கள் என்ற பெயருக்கு இறங்கினார்கள். அக்டோபரில் நைஜீரியாவின் லாகோஸ் துறைமுகத்தில் ஈரானிலிருந்து வந்த ஆயுதங்கள் பிடிபட்டன. நவம்பரில் காம்பியா ஈரானுடனான உறவையே முறித்துக்கொண்டது. டிசம்பரில் பதவிநீக்கம். இந்த வரிசையைக் கொடுத்துவிட்டு, எது எவ்வளவு எடை கொண்டது என்பதில் உங்கள் மதிப்பீட்டை உங்கள் மதிப்பீடாகவே எழுதுங்கள். சிறப்புத் தூதர் விவகாரமே முதன்மையானது என்று நான் கருதுகிறேன். அமைச்சகத்தின் மேல் யாருக்கு உரிமை என்ற சண்டை அதில்தான் வெளிப்படையாக வந்தது.

அடுத்த படி, ஒப்பிட்டுப் பார்ப்பது. நான்கு மாதம் கழித்து, 2011 ஏப்ரலில், உளவுத்துறை அமைச்சர் ஹைதர் மொஸ்லேஹியின் பதவி விலகலை அஹமதிநிஜாத் ஏற்றுக்கொண்டதாக அறிவித்தார். உச்ச தலைவர் உடனே தலையிட்டு அவரைப் பதவியில் நிறுத்தினார். அஹமதிநிஜாத் பதினொரு நாட்கள் அலுவலகத்துக்கே வராமல் இருந்தார்; கடைசியில் பணிந்து வந்தார். ஒரே ஜனாதிபதி, ஏறக்குறைய ஒரே காலம், இரண்டு பழமைவாத அமைச்சர்கள். ஒருவர் போனார், மற்றவர் இருந்தார். மொத்தகிக்காக அப்படிப்பட்ட வெளிப்படையான தலையீடு எதுவும் வரவில்லை. எந்த அமைச்சகம் எவ்வளவு இறுக்கமாகக் காக்கப்படுகிறது என்பதை இந்த இரண்டு நிகழ்ச்சிகளையும் அடுத்தடுத்து வைத்துச் சொல்வதைவிட நன்றாக வேறு எதுவும் சொல்லாது.

'பழமைவாதி' என்ற அடையாளத்துக்கு உள்ளே

ஈரானின் பழமைவாதிகளில் பலர் தங்களைக் கொள்கைவாதிகள் என்று அழைத்துக்கொள்கிறார்கள். ஆனால் அவர்கள் ஒரே கட்சியும் இல்லை, ஒரே குரலும் இல்லை. சந்தை வணிகர்களிடையே வேரூன்றிய மொத்தலஃபே கட்சி, தெஹ்ரானின் போராடும் மதகுருமார் சங்கம், கோம் நகரின் சமயக் கல்லூரி ஆசிரியர் சங்கம், 2011இல் உருவான பாய்தாரி முன்னணி என்று பல வட்டங்கள் உண்டு. 1980களில் வலதுசாரி என்றால் பொருளாதாரத்தில் அரசின் பிடி தளர வேண்டும் என்று கேட்டவர் என்று பொருள். மூசவி அமைச்சரவையில் தொழிலாளர் நல அமைச்சராக இருந்த அஹ்மத் தவக்கோலியும், வணிக அமைச்சராக இருந்த மொத்தலஃபேயின் ஹபீபுல்லா அஸ்கரோவ்லாதியும் 1983இல் விலகியது அந்தப் பிணக்கில்தான். அதே தவக்கோலி 1993இல் ஜனாதிபதி ரஃப்சஞ்சானியை எதிர்த்து நின்று கால்பங்குக்குச் சற்றுக் குறைவான வாக்குகள் வாங்கினார். பிற்காலத்தில் ஊழலை எதிர்த்துப் பேசும் மஜ்லிஸ் உறுப்பினராக அறியப்பட்டார்.

பழமைவாதிகள் தங்களுக்குள் எவ்வளவு கடுமையாக மோதுகிறார்கள் என்பதற்கு அலி கொர்தானின் கதையை நெருங்கிப் பார்க்க வேண்டும். 2008 ஆகஸ்டில் அவர் உள்துறை அமைச்சரானார். ஆக்ஸ்ஃபோர்டு பல்கலைக்கழகத்தின் கௌரவ முனைவர் பட்டம் தமக்கு உண்டு என்று சொல்லியிருந்தார். சான்றிதழின் படியும் வெளியே வந்தது. அதன் ஆங்கிலத்தில் எழுத்துப்பிழைகள் நிறைந்திருந்தன. பல்கலைக்கழகம் அப்படி ஒரு பட்டம் வழங்கவில்லை என்று அறிவித்தது. இதை விடாமல் துரத்தியவர்கள் எதிர்க்கட்சியினர் அல்லர். தவக்கோலியும் அவரைச் சார்ந்த அலெஃப் என்ற செய்தித்தளமும்தான். நவம்பர் 4ஆம் தேதி, பழமைவாதிகளே பெரும்பான்மையாக இருந்த மஜ்லிஸில், கலந்துகொண்ட 247 பேரில் 188 பேர் அவரை நீக்க வாக்களித்தார்கள். மூன்று மாதத்தில் பதவி போயிற்று. அஹமதிநிஜாத்தின் அமைச்சரவையும், 136ஆம் பிரிவு சொல்லும் பாதி எல்லைக்கு மிக அருகில் வந்து நின்றது.

ஆகவே 2005 ஆகஸ்டில் அஹமதிநிஜாத் முன்மொழிந்த 21 பேரில் நால்வரைப் பழமைவாத மஜ்லிஸே நிராகரித்ததை எழுதும்போது வியப்புக் காட்ட வேண்டியதில்லை. எண்ணெய் அமைச்சர் பதவிக்கு அவர் சொன்ன பெயர்கள் ஒன்றன்பின் ஒன்றாக விழுந்து, டிசம்பரில்தான் காசெம் வஸீரி ஹமானேக்கு ஒப்புதல் கிடைத்தது. நீங்கள் எழுதும் அமைச்சருக்கு நம்பிக்கை வாக்கெடுப்பில் ஆதரவாக, எதிராக, நடுநிலையாக எத்தனை வாக்குகள் என்பதைக் கட்டாயம் தேடி எடுங்கள். யாருடைய ஆதரவோடு அவர் உள்ளே வந்தார் என்பதை அந்த மூன்று எண்கள் காட்டும்.

குடும்ப உறவுகளையும் விட்டுவிடக் கூடாது. ஆனால் அவற்றையே எல்லாவற்றுக்கும் விளக்கமாக்கவும் கூடாது. லாரிஜானி ஓர் அயதுல்லாவின் மகன். புரட்சியின் சிந்தனையாளரான முர்தஸா முத்தஹரியின் மருமகன். அவருடைய தம்பி சாதெக் 2009 முதல் 2019 வரை நீதித்துறைத் தலைவர். இவை எல்லாம் இருந்தும் பிற்காலத்தில் அவருக்கு நேர்ந்ததை இறுதியில் பார்ப்போம்.

செய்திகளை எங்கிருந்து எடுப்பது

நியமன ஆணை, பதவிநீக்கக் கடிதம், வாக்கு எண்ணிக்கை ஆகியவற்றுக்கு ஜனாதிபதி அலுவலகம், மஜ்லிஸ், உச்ச தலைவரின் அலுவலகம் ஆகியவற்றின் வெளியீடுகளே முதல் சான்று. செய்தி நிறுவனங்களைப் பயன்படுத்தும்போது அவை யாரைச் சார்ந்தவை என்று தெரிந்திருக்க வேண்டும். இர்னா அரசின் நிறுவனம். ஆகவே அன்றைய ஜனாதிபதியின் தரப்பு அதில் மேலோங்கும். ஃபார்ஸ், தஸ்னீம் ஆகியவை புரட்சிகரக் காவல் படைக்கு நெருக்கமானவை. அலெஃப் யாருடையது என்று மேலே பார்த்தோம். ஒரு பழமைவாதியைப் பற்றி இன்னொரு பழமைவாதியின் தளம் சொல்வது பொய்யாக இருக்க வேண்டும் என்பதில்லை. கொர்தான் விவகாரத்தில் அதுவே உண்மையை வெளிக்கொண்டு வந்தது. ஆனால் யார் சொன்னது என்பதை வாசகருக்கு மறைக்காமல் சொல்லிவிட வேண்டும்.

குற்றச்சாட்டுகளை எழுதும் முறை

சில அமைச்சர்களின் வாழ்க்கையில் மனித உரிமை மீறல் பற்றிய கடுமையான செய்திகள் உண்டு. அவற்றை ஒரு வரியில் கடந்து போவதும், தீர்ப்பாகவே எழுதிவிடுவதும் இரண்டும் தவறு. முஸ்தஃபா பூர்முகம்மதியை எடுத்துக்கொள்வோம். 2005 முதல் 2008 வரை உள்துறை அமைச்சர். அஹமதிநிஜாத்தால் நீக்கப்பட்டபின் நீதித்துறையின் கீழ் இயங்கும் பொது ஆய்வு அமைப்பின் தலைவர். 2013 முதல் 2017 வரை ரூஹானியின் நீதித்துறை அமைச்சர். 1988ஆம் ஆண்டு கோடையில் ஈரான் சிறைகளில் ஆயிரக்கணக்கான அரசியல் கைதிகள் தூக்கிலிடப்பட்டபோது, தெஹ்ரானில் முடிவெடுத்த குழுவில் உளவுத்துறையின் சார்பில் இருந்தவர் என்று மனித உரிமை அமைப்புகள் இவரைக் குறிப்பிடுகின்றன. அப்போது கொமேனியின் வாரிசாக அறிவிக்கப்பட்டிருந்த அயதுல்லா மொந்தஸேரி, அந்தக் குழுவினரை நேரில் அழைத்துக் கண்டித்த பேச்சின் ஒலிப்பதிவு 2016 ஆகஸ்டில் வெளியானது. பூர்முகம்மதியும் அந்தச் சந்திப்பில் இருந்தார். பதிவு வெளியானபின் அவர் அந்த நடவடிக்கையை வெளிப்படையாகவே ஆதரித்துப் பேசினார்.

எழுதும் வரிசையும் இதுவாகவே இருக்கட்டும்: நடந்தது, அவரைக் குறிப்பிடுபவர் யார், கையில் உள்ள சான்று, அவருடைய சொந்தப் பதில். நீதிமன்ற ஆணை இருந்தால் அதையும் சேருங்கள். உளவுத்துறை அமைச்சராக இருந்த அலி ஃபல்லாஹியானைப் பற்றி எழுதுபவர், ஈரானியக் குர்து எதிர்ப்பாளர்கள் சுட்டுக்கொல்லப்பட்ட பெர்லினின் மைக்கோனோஸ் உணவகக் கொலை வழக்கில் 1996இல் ஜெர்மனி அவர்மீது பிறப்பித்த கைது ஆணையைச் சொல்லாமல் கட்டுரையை முடிக்கக் கூடாது. கொல்லப்பட்டவர்களின் குடும்பங்கள் இன்னும் பதில் கேட்டுக்கொண்டிருக்கும்போது, பதவிகளின் பட்டியலை மட்டும் தருவது நடுநிலை ஆகிவிடாது.

பதவிக்குப் பின்

கடைசிப் பத்தியில் 'அதன்பின் அரசியலிலிருந்து ஒதுங்கினார்' என்று எழுதுவதற்கு முன், நியமனப் பதவிகளை ஒருமுறை தேடிப் பாருங்கள். அலி அக்பர் வெலாயதி 1981 முதல் 1997 வரை பதினாறு ஆண்டுகள் வெளியுறவு அமைச்சர். அதை விட்டபின் உச்ச தலைவரின் சர்வதேச விவகார ஆலோசகரானார், அந்த இடத்தில் அவர் இருந்த காலம் அமைச்சராக இருந்ததைவிட நீண்டது. மஜ்லிஸுக்கும் பாதுகாவலர் சபைக்கும் இடையே எழும் பிணக்கைத் தீர்க்க 1988இல் அமைக்கப்பட்ட சபையிலும் முன்னாள் அமைச்சர்கள் பலர் அமர்கிறார்கள். தேர்தல் இல்லாத இந்த இருக்கைகளில்தான் செல்வாக்கு தொடர்கிறது.

செல்வாக்கு சுருங்குவதும் உண்டு. 1992 முதல் 1994 வரை பண்பாட்டு அமைச்சர், பிறகு பத்தாண்டு அரசு ஒலிபரப்பின் தலைவர், 2008 முதல் 2020 வரை மஜ்லிஸின் சபாநாயகர் என்று இருந்த லாரிஜானி, 2015 அக்டோபரில் அணு உடன்பாட்டுக்கு 161க்கு 59 என்ற வாக்கில் மஜ்லிஸின் ஒப்புதலைப் பெற்றுத்தந்தவர். அவரையே 2021இலும் 2024இலும் ஜனாதிபதித் தேர்தலில் நிற்கப் பாதுகாவலர் சபை அனுமதிக்கவில்லை. அரசியல் முடிந்துவிட்டது என்று பலர் எழுதியபின், 2025 ஆகஸ்டில், 2007இல் விட்டுச்சென்ற அதே உச்ச தேசியப் பாதுகாப்புக் குழுவின் செயலாளர் நாற்காலிக்கு ஜனாதிபதி மசூத் பெஸெஷ்கியான் அவரை மீண்டும் நியமித்தார். எனவே உங்கள் குறிப்பின் இறுதி வரியில் முடிவுரை எதுவும் வேண்டாம். அவர் வகித்த கடைசிப் பதவி, அதைக் கொடுத்தவர், நீங்கள் சரிபார்த்த மாதம், ஆண்டு ஆகியவற்றை எழுதி நிறுத்திவிடுங்கள்.